மதினியின் தங்கும் அனுமதி

இந்த நினைவு மலரைக் கையில் வைத்திருக்கும் உங்களில் சிலருக்கு அவர் பெரியம்மா. சிலருக்கு அத்தை. எங்கள் தெருவில் பலருக்கு, இத்தனை வருடங்களுக்குப் பிறகும், பர்மாக்காரம்மா. எனக்கு அவர் மதினி, என் அண்ணனின் மனைவி. அவர் மறைந்து ஓராண்டு நிறைகிற இந்நாளில், மகள் செண்பகம் எழுத வேண்டிய கட்டுரையை என்னிடம் கொடுத்துவிட்டாள். "உங்களுக்குத்தான் அத்தை எல்லாம் தெரியும்" என்றாள். எல்லாம் எனக்குத் தெரியாது. தெரிந்ததை மறைக்காமல் எழுதுகிறேன்.

மதினி பிறந்தது பர்மாவில், ஐராவதி ஆற்றங்கரையில் உள்ள புரோம் நகரத்தில். அவருடைய தந்தையார் இராமநாதபுரம் பக்கத்திலிருந்து போய் அங்கே ஓர் அரிசி ஆலையில் எழுத்தராக இருந்தவர். தாயார் பர்மியப் பெண்மணி. வீட்டில் அப்பாவிடம் மட்டும் தமிழ்; அம்மாவிடமும் தோழிகளிடமும் கடைத்தெருவிலும் பர்மியம். பதினோரு வயதில் தந்தையை இழந்தார். அதன் பிறகு என் அண்ணன் வந்து பேசும்வரை யாரோடும் தமிழ் பேசவில்லை என்று ஒருமுறை சொன்னார். அண்ணன் அப்போது ரங்கூனில் ஜவுளிக்கடை ஒன்றில் வேலையாக இருந்தார். சரக்கு கொண்டு புரோமுக்குப் போய்வந்த பழக்கம் திருமணத்தில் முடிந்தது.

அங்கே கடைகளை அரசாங்கம் எடுத்துக்கொண்ட பிறகு நம்மவர்கள் கப்பல் கப்பலாகத் திரும்பி வந்த கதை உங்களுக்குத் தெரியும். அண்ணனிடம் இந்திய பாஸ்போர்ட் இருந்தது. மதினியோ அந்த நாட்டுப் பிரஜை. அவருக்குப் பாஸ்போர்ட் தரவில்லை. ஒரு தாள் மட்டும் தந்தார்கள். அதில் அவர் பெயர், பெற்றோர் பெயர், ஒரு புகைப்படம், அதற்குக் கீழே திரும்பி வர அனுமதி இல்லை என்று ஒரு முத்திரை. தெரிந்தேதான் கையெழுத்துப் போட்டார். அவருடைய அம்மா புரோமிலிருந்து ரங்கூன்வரை கூடவே வந்தாராம். துறைமுக வாசலுக்கு உள்ளே அவரை விடவில்லை. வாசலிலேயே பிரிந்தார்கள். இரண்டு வருடம் கடிதம் வந்தது. பிறகு நின்றுபோனது. அந்த அம்மா எப்போது இறந்தார் என்பது மதினிக்குக் கடைசிவரை தெரியாது. திதி கொடுக்க ஒரு நாள்கூட இல்லை.

பரவையில் எங்கள் வீட்டு வாசலில் அவர் வந்து நின்றபோது எனக்குப் பன்னிரண்டு வயது. எங்கள் ஆத்தா அவரை ஏற இறங்கப் பார்த்துவிட்டு அண்ணனிடம், "இவளுக்கு நம்ம பேச்சு தெரியுமா?" என்று கேட்டார். "தெரியும் அத்தை" என்று மதினியே பதில் சொன்னார். ஆத்தாவுக்குச் சற்று வெட்கமாகிவிட்டது. அவரை உள்ளே கூட்டிப்போய் முதலில் சாப்பிட வைத்தார்.

எங்களோடு வந்து சேர்ந்தாலும் சட்டப்படி மதினி வெளிநாட்டவர். இந்தியாவில் இருக்க அவருக்குத் தங்கும் அனுமதி வேண்டும். அது ஓராண்டுக்குத்தான் செல்லும். ஒவ்வொரு மார்கழியிலும் மூன்று புகைப்படங்களும் விண்ணப்பமுமாக மதுரையில் மாவட்டக் காவல் அலுவலகத்துக்குப் போய், வெளிநாட்டவர் பிரிவில் வரிசையில் உட்கார்ந்து, கையெழுத்துப் போட்டுப் புதுப்பித்து வர வேண்டும். முதலில் அண்ணன் கூட்டிப்போனார். செண்பகம் ஒன்றாம் வகுப்புப் படிக்கும்போது மஞ்சள் காமாலையில் அண்ணன் போய்ச் சேர்ந்தார். அந்த வருடத்திலிருந்து மதினி தனியாகப் போய்வந்தார். காலையில் பஸ் ஏறினால் மாலையில்தான் திரும்புவார். என்ன நடந்தது என்று நாங்கள் யாரும் கேட்டதில்லை. அவரும் சொன்னதில்லை.

அண்ணனுக்குப் பிறகு அப்பள மாவு வாங்கித் தேய்த்துக் காயவைத்துக் கொடுத்து மகளை வளர்த்தார். எங்கள் அப்பாவும் ஆத்தாவும் அடுத்தடுத்துக் காலமான வருடங்களில் இருவரையும் பார்த்துக்கொண்டவர் அவர்தான். நான் ஆசிரியப் பயிற்சியில் இருந்தேன். என் சீருடைச் சேலைக்குக் கஞ்சி போட்டு மடித்து வைப்பதும் அவர்தான். அதிர்ந்து ஒரு சொல் சொன்னதில்லை. பேசுவதே குறைவு. அது அவர் சுபாவம் என்று நாங்கள் முடிவு செய்திருந்தோம்.

இனி எழுதப்போவது என்னைப் பற்றியது. எழுதாவிட்டால் மதினியின் வாழ்க்கையைச் சொன்னதாக ஆகாது.

நான் ஆசிரியை ஆன பிறகு எனக்குச் சமயநல்லூரிலிருந்து ஒரு சம்பந்தம் வந்தது. பெண் பார்த்து, பூ வைக்க நாளும் பேசிவிட்டார்கள். அடுத்த வாரம் சித்தப்பாவிடம் சொல்லி அனுப்பினார்கள், வேண்டாம் என்று. காரணம் விசாரித்தபோது தெரிந்தது: எங்கள் வீட்டில் உள்ள பர்மாக்காரி ஏதோ கேசில் மாட்டியவள், வருடா வருடம் போலீசில் கையெழுத்துப் போட்டுவிட்டு வருகிறாள் என்று யாரோ பஸ் நிறுத்தத்தில் சொல்லியிருக்கிறார்கள். சித்தப்பா விளக்கிப் பார்த்தார். அவர்கள் கேட்கவில்லை.

அன்று மதினி முற்றத்தில் அப்பளம் காயவைத்துக்கொண்டிருந்தார். நான் அவர் முன்னால் போய் நின்றேன். "உங்களாலதான் மதினி எனக்கு இந்தக் கதி. நம்ம வீட்டுக்குப் போலீஸ் சங்காத்தமே வேணாம். இனிமே அங்க போகாதீங்க" என்றேன்.

அவர் நிமிர்ந்து என்னைப் பார்த்தார். "சரி சரசு, போகலை" என்றார். பிறகு குனிந்து அப்பளத்தைத் திருப்பிப் போட்டார்.

கோபத்தில் சொன்னது எனக்கு மறந்துபோனது. அவர் மறக்கவில்லை. அந்த மார்கழியில் அவர் மதுரைக்குப் போகவில்லை. நான் அதைக் கவனிக்கவும் இல்லை.

சித்திரை வெயிலில் ஒரு காவலர் சைக்கிளில் வந்து ஒரு கடிதத்தைக் கொடுத்துக் கையெழுத்து வாங்கிப்போனார். ஆங்கிலத்தில் இருந்ததால் மதினி என்னிடம் நீட்டினார். அனுமதி முடிந்து மாதங்கள் ஆகிவிட்டன, ஏழு நாளுக்குள் நேரில் வந்து காரணம் சொல்ல வேண்டும், தவறினால் நாட்டைவிட்டு வெளியேற நேரிடும் என்று இருந்தது. மறுபடியும் படித்துப் பார்த்தேன். வெளியேறி எங்கே போவார்? அந்த நாடு திரும்பி வரக் கூடாது என்று முத்திரை குத்தி அனுப்பியிருக்கிறது. இந்த நாடு இருக்கக் கூடாது என்கிறது. செண்பகத்துக்கு அப்போது ஒன்பது வயது. "ஏன் மதினி போகலை?" என்று கேட்டேன். கேட்டு முடிப்பதற்குள் எனக்கே விடை தெரிந்துவிட்டது. அவர் கடிதத்தை வாங்கி மடித்து வைத்தார்.

மறுநாளே இருவரும் போனோம். அந்தப் பிரிவில் இருந்த எழுத்தர் நரைத்த தலையும் தடித்த கண்ணாடியுமாக இருந்தார். மதினியைப் பார்த்ததும் எழுந்தே நின்றுவிட்டார். "என்னம்மா இப்படிப் பண்ணிட்டீங்க? பத்து வருசத்துக்கு மேல ஒரு நாள் தவறாம வந்தவங்களாச்சே" என்றார். பிறகு கோப்பைத் தேடிக்கொண்டே, "அந்த ஆமினாம்மா ரெண்டு நாள் வந்து உங்களுக்காகக் காத்திருந்தாங்க. வீட்டு விலாசம் கேட்டாங்க, நான் குடுக்கக் கூடாதுன்னுட்டேன். அழுதுக்கிட்டே போனாங்க" என்றார்.

மதினி முகத்தைச் சேலைத் தலைப்பால் மூடிக்கொண்டார். அண்ணன் இறந்த அன்றுகூட அவர் அப்படிக் குலுங்கி அழுது நான் பார்த்ததில்லை. ஆமினாம்மா யார் என்று எனக்குத் தெரியவில்லை.

அதிகாரி எங்களை உள்ளே அழைத்தார். ஏன் வரவில்லை என்று இரண்டு முறை கேட்டார். மதினி தலையைக் குனிந்தபடி நின்றார். உடம்பு சரியில்லை என்று ஒரு பொய் சொல்லியிருக்கலாம். என்னைக் காட்டிக் கொடுத்திருக்கலாம். இரண்டையும் செய்யவில்லை. மூன்றாவது முறை அதிகாரியின் குரல் உயர்ந்தபோது நான் முன்னால் போய், "நான்தான் சார் போக வேண்டாம்னு சொன்னேன்" என்றேன். நடந்ததை எல்லாம் சொன்னேன். அவர் ஒரு வெள்ளைத் தாளை என் பக்கம் நகர்த்தினார். பிறகு, "நீங்க டீச்சரா? அதையே உங்க கையால எழுதிக் குடுங்க" என்றார். வராந்தாவில் உட்கார்ந்து ஒரு வரி விடாமல் எழுதிக் கொடுத்தேன். என் வாழ்நாளில் நான் எழுதிய மிகக் கடினமான பாடம் அது.

திரும்பும் பஸ்ஸில் மதினி தாமாகவே பேசினார். ஆமினாம்மாவும் பர்மாவில், மோல்மேனில் பிறந்தவர். கணவரோடு வந்து மதுரை நெல்பேட்டையில் இருந்தார். அவருக்கும் மார்கழியில்தான் புதுப்பிக்க வேண்டும். ஒருமுறை வரிசையில் அவர் தும்மியபோது பர்மியத்தில் ஏதோ முணுமுணுத்ததைக் கேட்டு மதினி திரும்பிப் பார்த்தாராம். அதிலிருந்து ஒவ்வொரு வருடமும் இருவரும் ஒரே தேதியை வைத்துக்கொண்டார்கள். காலை முதல் மாலை வரை அந்த வராந்தாவில் பர்மியத்தில் பேசுவார்கள். "வருசத்துக்கு ஒரு நாள்தான் சரசு" என்றார். நான் ஜன்னல் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டேன்.

மூன்று வாரம் கழித்து எச்சரிக்கையோடு அனுமதி கிடைத்தது. அடுத்த மார்கழியில் நானும் கூடப் போனேன். ஆமினாம்மா தூரத்திலேயே பார்த்துவிட்டு ஓடிவந்தார். இருவரும் கைகளைப் பிடித்துக்கொண்டு பேசத் தொடங்கினார்கள். எங்கள் வீட்டில் மெல்லப் பேசும் மதினி அங்கே குரல் எடுத்துப் பேசினார். தொடையைத் தட்டிச் சிரித்தார். யாரையோ நடித்துக் காட்டினார். குறும்புக்காரியான ஒரு பெண்ணை அன்று முதல் தடவையாகப் பார்த்தேன். பத்து வருடத்துக்கு மேல் அவரோடு ஒரே வீட்டில் சாப்பிட்டு உறங்கியிருக்கிறேன்.

குடியுரிமைக்கு மனுப் போடச் சொல்லி எழுத்தர் பலமுறை அறிவுறுத்தினார். அண்ணன் காலத்திலேயே போட்டிருக்கலாம். மதினிதான் தள்ளிப்போட்டிருக்கிறார். மனுவோடு அந்தப் பர்மாத் தாளை ஒப்படைத்துவிட வேண்டும். அவருடைய அம்மாவின் பெயர் எழுதியிருந்த ஒரே காகிதம் அதுதான். "அம்மா இருக்காங்களா இல்லையான்னே தெரியாம அதை எப்படிக் குடுப்பேன்?" என்று என்னிடம் கேட்டார். ஆனால் அந்தச் சித்திரை மாதக் கடிதம் அவரை மிகவும் பயமுறுத்திவிட்டது. மகளுக்காகச் சம்மதித்தார். பரவைக் காய்கறிச் சந்தையில் கடை வைத்திருந்த ஒரு பெரியவரும் எங்கள் பள்ளித் தலைமையாசிரியரும் அவருடைய நன்னடத்தைக்குச் சாட்சிக் கையெழுத்திட்டார்கள். சில வருடங்கள் இழுத்தடித்து, செண்பகம் பத்தாம் வகுப்பில் இருக்கும்போது சான்றிதழ் வந்தது. உறுதிமொழியை மதினி தமிழில் பிழையில்லாமல் படித்தார். வெளியே வந்ததும் நான் மகிழ்ச்சியோடு, "இனிமே நீங்க இங்க வர வேண்டிய வேலையே இல்ல மதினி" என்றேன். "ஆமா, இல்ல" என்றார். அன்று அவர் முகத்தை நான் சரியாகப் பார்த்திருக்க வேண்டும்.

அதே வருடம் ஆமினாம்மாவும் மகனோடு உத்தமபாளையம் போய்விட்டார். வீட்டுக்கு ஒரு முறை வந்து விலாசம் கொடுத்துப்போனார். போய்ப் பார்த்துவரலாம் என்று மதினி இரண்டு மூன்று முறை சொன்னார். பரீட்சை, செண்பகத்தின் கல்லூரி, அவள் கல்யாணம் என்று நாங்கள் எப்போதும் ஏதோ ஒன்றைச் சொல்லித் தள்ளிப்போட்டோம். எனக்குக் கல்யாணம் நடக்கவில்லை. அதற்கு மதினி காரணமல்ல என்பதை இந்த மலரைப் படிக்கும் உறவினர்கள் அனைவரும் தெரிந்துகொள்ள வேண்டும். அதற்குப் பிறகு வந்த இரண்டு சம்பந்தங்களை வேண்டாம் என்று சொன்னவள் நான்.

சென்ற வருடம் ஒரு நாள் காலையில் கோலம் போட்டுவிட்டு எழுந்தவர் அப்படியே சாய்ந்தார். ஒரு பக்கம் விழுந்துவிட்டது. மருத்துவமனையில் வைத்துப் பார்த்துவிட்டு, இனி வீட்டில் வைத்துக்கொள்ளுங்கள் என்றார்கள். வீட்டுக்கு வந்த பிறகு ஆறு நாள் இருந்தார். நினைவு இருந்தது. ஆனால் தமிழ் போய்விட்டது. எங்களைப் பார்த்துப் பர்மியத்தில் பேசினார். தண்ணீரா, வெளிச்சமா, வலியா என்று ஒவ்வொன்றாகக் காட்டினோம். இல்லை என்று தலையை அசைத்தார். கடைசி இரண்டு நாள் ஒரே வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொன்னார். செண்பகம் அதைக் காதில் விழுந்தபடி தமிழ் எழுத்தில் ஒரு தாளில் எழுதி வைத்தாள். உத்தமபாளையத்துக்குப் போகிற பஸ் எங்கள் ஊர் பக்கத்திலேயே கிடைக்கும். போய் ஆமினாம்மாவைக் கூட்டிவர வேண்டும் என்று அந்த ஆறு நாளில் எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. ஆறாம் நாள் விடியும் நேரத்தில் மதினி அடங்கினார்.

கருமாதிக் கடிதம் கிடைத்து ஆமினாம்மா பதினாறாம் நாள் கழிந்த மறுநாள் வந்து சேர்ந்தார். மதினியின் படத்துக்கு முன்னால் உட்கார்ந்தார். செண்பகம் அந்தத் தாளை எடுத்துவந்து படித்துக் காட்டினாள். அவருக்குப் புரியவில்லை. இன்னொரு முறை மெதுவாகப் படிக்கச் சொன்னார். பிறகு தாளை வாங்கி மடியில் வைத்துக்கொண்டார்.

"இங்க யாருமே இல்லையான்னு கேட்டிருக்காங்க, டீச்சரம்மா" என்றார்.

அந்த ஆறு நாளும் கட்டிலைச் சுற்றி நாங்கள் எட்டுப் பேர் இருந்தோம்.

மதினியின் நோயிலும் இறுதிச் சடங்கிலும் துணை நின்ற உறவினர்களுக்கும், தெருக்காரர்களுக்கும், சாட்சிக் கையெழுத்திட்ட பெரியவர்கள் இருவருக்கும், பெயரைப் போட வேண்டாம் என்று சொல்லிவிட்ட அந்த எழுத்தர் ஐயாவுக்கும் எங்கள் குடும்பம் கடமைப்பட்டிருக்கிறது. ஆமினாம்மா இப்போது மாதம் ஒருமுறை எங்கள் வீட்டுக்கு வருகிறார். அவருக்குக் கண் பார்வை மங்கிவிட்டது. செண்பகம் போய் அழைத்துவருகிறாள். நான் அவரிடம் பர்மியம் படிக்கிறேன். என் உச்சரிப்பைக் கேட்டு அவர் சிரிக்கிறார். இதுவரை நாற்பது சொற்கள் வந்திருக்கின்றன. "இருக்கிறோம்" என்பதை முதல் நாளே கேட்டுத் தெரிந்துகொண்டேன்.

கண்ணீருடன்,
நாத்தனார் சரஸ்வதி,
பரவை.