ஆள் போன பிறகு எடுத்த படங்கள்

என் வீட்டுக்காரர் லிஃப்ட் மெக்கானிக். ஞாயிற்றுக்கிழமை வந்தால் படம் எடுப்பவர். படம் என்றதும் பாட்டு, சண்டை என்று ஆசைப்பட்டு வந்துவிடாதீர்கள். இவர் படத்தில் மனிதர்களே கிடையாது. ஒருவர் எழுந்து போன நாற்காலி, குடித்து வைத்த தம்ளர், ஆடி அடங்கும் கதவு, அவ்வளவுதான். கேமரா ஸ்டாண்டை விட்டு அசையாது. வசனம் இல்லை, ஃபேன் சத்தம் மட்டும்.

"இதுல என்னங்க இருக்கு?" என்று கேட்டுக் கேட்டு எனக்கு வாய் வலித்ததுதான் மிச்சம்.

"ஆள் இருந்தா ஆளைத்தான் பார்ப்போம். போனப்புறம்தான் அவங்க இருந்த இடம் தெரியும்" என்பார்.

கூட வேலை செய்பவர்கள் வைத்த பெயர் 'காலி சேர்'. ஒரு சின்ன அரங்கில் இவர் படம் ஓடியபோது பாதிப் பேர் எழுந்து போனார்கள். இந்த மனுஷன் என்ன செய்தார் தெரியுமா? அந்தக் காலி இருக்கைகளைப் படம் எடுத்தார்! நானும் எதையாவது சாக்குச் சொல்லி நழுவிவிடுவேன். ஒரு படத்தைக்கூட முழுதாகப் பார்த்ததில்லை.

மகளின் பதிவுத் திருமணத்தன்று வீடியோக்காரர் காய்ச்சலில் படுத்துவிட்டார். வேறு வழியில்லாமல் கேமரா இவர் கைக்கு வந்தது. அடுத்த வாரமே மாப்பிள்ளையோடு வெளிநாடு போகிறவள் அவள்.

"அப்பா, உங்க கலையை இன்னைக்கு ஒரு நாள் மூட்டை கட்டி வைங்க. என் மூஞ்சி வரணும்."

"வரும்டா கண்ணு" என்று சத்தியம் செய்தார்.

வந்தது. வீட்டில் வீடியோவைப் போட்டுப் பார்த்தால், கையெழுத்துப் போட்டுவிட்டுச் சிரித்தபடி கேமராவை நோக்கி வருகிறாள். முகம் முழுக்க ஒரே மங்கல். பின்னால் அவள் உட்கார்ந்திருந்த நாற்காலி மட்டும் பளிச்சென்று, விரிசல்கூடத் தெரிகிறது. பழக்கதோஷம்! ஃபோகஸை நாற்காலிக்கு வைத்தவர் அவள் எழுந்ததும் மாற்ற மறந்துவிட்டார்.

"பெத்த பொண்ணைவிட உங்களுக்கு நாற்காலி பெருசாப் போச்சா?" என்று கத்தினேன். மகள் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். இவர் சாப்பிடாமல் லென்ஸைத் துடைத்துக்கொண்டே இருந்தார். எனக்குப் பற்றிக்கொண்டும் வந்தது, பாவமாகவும் இருந்தது.

கிளம்பும் நாள். மாப்பிள்ளை பெட்டிகளை டாக்ஸியில் ஏற்றிக்கொண்டிருந்தார். மகள் கூடத்து நாற்காலியில் வந்து உட்கார்ந்தாள்.

"எடுங்கப்பா. இந்தத் தடவை நான் அசையவே மாட்டேன்."

இவர் ஃபோகஸ் வைத்தார். மூக்கோரத்து மச்சம் வரை தெளிவாக வந்தது. ஹார்ன் சத்தம் கேட்டதும் எங்கள் இருவரையும் கட்டிக்கொண்டு அழுதுவிட்டு ஓடினாள்.

வழியனுப்பிவிட்டு உள்ளே வந்தோம். கேமரா இன்னும் ஓடிக்கொண்டிருந்தது. அதன் சின்னத் திரையில் அந்த நாற்காலி, மெத்தையில் அவள் உட்கார்ந்த பள்ளம்.

"நிறுத்திடவா?" என்று கேட்டார்.

"கொஞ்ச நேரம் ஓடட்டுங்க" என்று சொல்லி அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன்.