வாசலில் போய் இருப்பவர்கள்

இத்தாலியில், இந்தக் கால்சாப் பகுதியில் மாடியேறுவது மனிதர்களல்ல, கூடைகள். பால்கனியிலிருந்து கயிற்றில் இறங்கும், ரொட்டிக்காரன் ரொட்டி வைப்பான், மேலே போய்விடும். வந்த புதிதில் வாயைப் பிளந்து பார்த்தேன். ஊரிலிருக்கிறவர்களே, அந்தக் கூடையில் ஒருத்தியின் உயிர் இறங்கியதையும் பார்த்துவிட்டேன்.

கிரேஸ் நைஜீரியாக்காரி. நானும் அவளும் மூன்றாம் மாடிச் சின்யோராவிடம், அதாவது வீட்டுக்கார அம்மாவிடம், வீட்டு வேலை. சேர்ந்த அன்றே கிரேஸின் பாஸ்போர்ட்டை வாங்கிச் சின்யோரா மேசை லாச்சிக்குள் பூட்டிவிட்டாள். வெள்ளிக்கிழமைக்குள் அதைக் குவெஸ்தூராப் பொலிஸ் கந்தோரில் காட்டாவிட்டால் கிரேஸுக்கு வதிவிட அனுமதி இல்லை, விமானமேற்றி அனுப்பிவிடுவார்கள். கேட்டாள். "என்ன அவசரம்?" என்று சின்யோரா சிரித்தாள். நான் கேட்டேன். கிழங்கு உரிக்கச் சொன்னாள்.

உரித்தபடி கிரேஸ் தன் கிராமத்துப் பெண்களைப் பற்றிக் கதைத்தாள். விடியமுன் தலையில் தண்ணீர்க் குடம். முதுகில் பிள்ளையோடு மரவள்ளித் தோட்டம். பின்னேரம் உரலும் உலக்கையும். இவ்வளவும் எங்கள் ஊரிலும் உண்டு. அடுத்துச் சொன்னதுதான் இல்லை. ஒருவன் மனைவியை அடித்தால், ஊர்ப் பெண்கள் அத்தனை பேரும் உலக்கையோடு அவன் வாசலில் போய் இருப்பார்களாம். அவன் செய்ததைப் பாட்டாகப் பாடி நிலத்தை இடிப்பார்களாம்.

"வெளியிலை வராட்டி?"

"கூரையைப் பிரிப்போம் சிஸ்டர். ஓலைதானே!"

வியாழன் மத்தியானம் அவளுடைய ஊர்ப் பெண்கள் ஆறு பேர் முற்றத்துக்கு வந்தார்கள். உலக்கைக்குப் பதில் கூட்டுகிற தும்புத்தடி; எனக்கும் ஒன்று. கிரேஸ் பாட, அவர்கள் திருப்பிப் பாட, கல் அதிர்ந்தது. பால்கனிகள் நிறைந்து கைதட்டின. ஒரு கிழவர் எங்களுக்குக் கதிரைகூடக் கொண்டுவந்தார்.

"எந்தப் புனிதரின் விழா, சின்யோரா?" என்று என்னைக் கேட்டார்.

"புனிதரல்ல. மூன்றாம் மாடி."

பாட்டில் ஒரு சொல்லும் எனக்கு விளங்காது. ஆனாலும் மொழிபெயர்த்தேன், இத்தாலியனில், தொண்டை கிழிய: பாஸ்போர்ட், பூட்டு, நாய் மிச்சம் வைத்த இறைச்சியைச் சுடவைத்து எங்களுக்குத் தந்தது, விருந்தாளிகளுக்கு "என் கறுப்பிகள்" என்று காட்டியது. நாலு வருடம் விழுங்கியது ஒவ்வொன்றாக வந்தது. என்ன இனிப்பு! கைதட்டல் நின்றது. எல்லா முகமும் ஒரே பால்கனியைப் பார்த்தன.

கதவு திறந்தது. முகம் வரவில்லை, கூடை வந்தது. அதற்குள் பச்சைப் பாஸ்போர்ட். கிரேஸ் அதை நெஞ்சுக்குள் செருகினாள். பாட்டு நின்றது. என் தடி நிற்கவில்லை.

"முடிஞ்சுது சிஸ்டர். இது ஆருக்கு?"

"எங்கடை ஊரிலை ஒரு வாசல் இருக்கு."

அத்தான் அக்காவை அடிக்கிற நேரம் எங்கள் ஒழுங்கையில் வீட்டுக்கு வீடு உலக்கை இருந்தது. மாவிடித்துக்கொண்டிருந்தோம். அவளுடைய சத்தம் கேளாமலிருக்கக் கொஞ்சம் பலமாகவே இடித்தோம். நானும்தான். அக்கா இன்றைக்கும் அவருக்குச் சோறு போடுகிறாள்.

அத்தான், நீங்கள் பத்திரிகையை ஒரு வரி விடாமல் வாசிக்கிற ஆள்; அதனால்தான் இதை அதற்கு எழுதி அனுப்புகிறேன். கால்சாக் கல்லில் நிற்கிறேன். தடி விழுவது உங்கள் வாசல் படலையடியில். கதவைத் திறவுங்கோ.