வெடி வேண்டாம் என்றவர்

விம்கோ நகரில் மகள் வீட்டில் இட்லிக்கு மாவு ஊற்றிக்கொண்டிருந்தபோது போன் வந்தது. "ஆயா, மில்ட்ரி நைனா பூட்டாரு. எழுப்பினா எழுந்துக்கல" என்றான் எதிர்வீட்டு சேகர். கையைக்கூடச் சரியாகக் கழுவாமல் பஸ் ஏறினேன். வியாசர்பாடி வந்து சேரும்வரை ஒரே கவலைதான். சாவு ஊர்வலத்துக்குத் தெருப் பையன்கள் வெடி வாங்கியிருப்பார்கள். நான் போவதற்குள் கொளுத்திவிடக் கூடாது.

படத்திறப்புக்கு வந்திருக்கும் உங்களுக்கு அவரைத் தெரியும். பட்டாளத்திலிருந்து திரும்பி, சாத்தாங்காடு இரும்பு மார்க்கெட்டில் செக்யூரிட்டியாக இருந்த ஏகாம்பரம். தெருவுக்கே நைனா, எனக்குக் கூடப் பிறக்காத அண்ணன். அவர் மனைவியும் என் வீட்டுக்காரரும் போய்ச் சேர்ந்த பிறகு, சாயந்தரத்தில் எங்கள் பிளாக் மாடிப்படியில் உட்கார்ந்து பேச அவருக்கு நான், எனக்கு அவர்.

என் பேத்தி வரலாறு எம்.ஏ. படிக்கிறாள். எங்கள் வம்சத்தில் முதல் ஆள். இதைச் சொல்லாமல் எனக்கு எந்தப் பேச்சும் முடியாது. அவள் வைத்துவிட்டுப் போன போர்க்கதைப் புத்தகத்தை, அஞ்சாங்கிளாஸோடு நின்ற நான் எழுத்துக் கூட்டிப் படிப்பேன். கண்ணில் புரை விழுந்த அவர் கேட்டுக்கொண்டிருப்பார்.

"இன்னாம்மா அஞ்சாங்கிளாஸ் டீச்சரு, ராஜா கெளம்பிட்டானா? இன்னும் குதிரைக்குக் கொள்ளு வெச்சிகினு கீறானா?"

"அவசரம்னா நீயே படிண்ணா."

ஒரு நாட்டில் அறுப்பு முடிந்தால்தான் படை கிளம்புமாம். ஒரு நாட்டில் பொழுது சாய்ந்தால் சண்டையை நிறுத்திவிடுவார்களாம். இன்னொரு நாட்டில் தோற்றவன் தலையைக் கோட்டை வாசலில் தொங்கவிடுவார்களாம். எல்லாவற்றுக்கும் அவர் ஒன்றையே சொல்வார்: "கத்தி எல்லா ஊர்லயும் கத்திதாம்மா. அத்தத் தூக்குறவன் வூட்ல இன்னா கத்துக்கினானோ, அப்டித்தான் சண்ட போடுவான்."

ஒருநாள் கேட்டுவிட்டேன். "நீ எத்தினி பேர சுட்டண்ணா?"

"மீனு கூறு வெல கேக்குற மாதிரி கேக்குற பாரு" என்றார். அப்புறம் அவராகவே சொன்னார்.

பனிமலையில் சண்டை நின்ற மறுநாள். இவரோடு ஒரே தட்டில் சாப்பிட்ட திருநெல்வேலிப் பையனின் உடம்பு எதிராளிகள் பக்கம் கிடந்தது. அவர்கள் வெள்ளைத்துணி காட்டித் தூக்கி வந்தார்கள். அந்தப் பக்கத்து ஆள் ஒருவன் தரையைத் தொட்டுக் காட்டினான். பிறகு விரல்களை மேலே அசைத்துக் காட்டினான். மண்ணா, நெருப்பா? நெருப்பு என்று இவர் சைகை செய்தார். அந்த மலையில் ஒரு சுள்ளி கிடையாது. அவர்கள் திரும்பிப் போய், குண்டு வந்த மரப்பெட்டிகளை உடைத்துப் பலகைகளைக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனார்களாம்.

"மொத நாளு அவன்தான் சுட்டான். மறுநாளு அவன்தான் கேட்டான். ரெண்டுமே அவன் வூட்ல கத்துக்கினதுதான்."

"உனக்கு இன்னாண்ணா? மண்ணா, நெருப்பா?"

சிரித்துவிட்டார். "இத்தினி வருசத்துல என்னை எவனும் கேக்கல. மண்ணுதாம்மா. மேளம் அடிக்கட்டும், ஆடட்டும். வெடி மட்டும் வாணாம்."

ஏன் என்று நான் கேட்கவில்லை. தீபாவளிக்குத் தீபாவளி அவர் குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டு, காதில் துண்டைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பார். சத்தம் அடங்கியதும் போய்க் கதவைத் தட்டுவது நான்தான்.

நான் பஸ் இறங்கி ஓடிவந்தபோது மேளம் அடித்துக்கொண்டிருந்தார்கள். சேகர் கையில் பட்டாசுப் பை.

"வெடி வாணாண்டா."

"இன்னா ஆயா நீ? மில்ட்ரிய அனாத மாதிரி இட்டுகினு போக சொல்றியா? பக்கத்துத் தெருக்காரன் காறித் துப்புவான்."

"துப்பட்டும். எதிராளி மண்ணா நெருப்பான்னு கேட்டு செஞ்சான். நைனா நைனான்னு சுத்தின நீங்க, ஒரு வார்த்த கேட்டீங்களாடா?"

குழாயையும் துண்டையும் சொன்னேன். அவர் மானத்தைச் சந்தியில் வைப்பதுபோலத்தான் இருந்தது. பையன்கள் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்தார்கள். சேகர் பையை என் காலடியில் வைத்தான்.

"மேளமாவது அடிக்கலாமா?"

"அடிடா. நல்லா அடி."

இடுகாட்டுக்குப் பெண்கள் போவதில்லை. தெருமுனையிலேயே நின்றேன். மேளம் தேய்ந்து தேய்ந்து கேட்காமல் போனது. அதற்குப் பிறகும் காதைத் தீட்டிக்கொண்டு நின்றேன். வெடிச் சத்தம் வரவேயில்லை. வீட்டுக்கு வந்து பட்டாசையெல்லாம் வாளித் தண்ணீரில் கொட்டினேன். அவர் கேட்ட அமைதி அவருக்குக் கிடைத்தது. என்னிடமும் இப்போது அது நிறைய இருக்கிறது, காலையிலிருந்து இரவுவரை.

அவரிடமிருந்து நான் எடுத்து வைத்துக்கொண்டது அந்தக் கேள்விதான். எந்த ராஜா ஜெயித்தான் என்பதோடு நிறுத்தாதே, செத்தவனை என்ன செய்தார்கள் என்றும் எழுது என்று பேத்தியிடம் சொல்லியிருக்கிறேன். எனக்கு மண்ணா நெருப்பா என்று அவள் இன்னும் கேட்கவில்லை. சின்னப் பெண், பயப்படுவாள்.

நேற்று சாயந்தரம் அதே படியில் உட்கார்ந்து, நாங்கள் நிறுத்திய பக்கத்திலிருந்து சத்தமாகவே படித்தேன். கிண்டல் பண்ண ஆளில்லாததால் சீக்கிரம் முடிந்துவிட்டது.

ராஜா கிளம்பிவிட்டான் அண்ணா.