இந்தி பேசிய பிசாசு

ஒரு ஞாயிற்றுக்கிழமை, கோயிலில் மறைக்கல்வி வகுப்புக்குப் போவதாக அம்மாவிடம் சொல்லிவிட்டு, ஆவடி குவார்ட்டர்ஸில் நாலு வீடு தள்ளியிருந்த சிநேகிதி வீட்டில் அந்தப் படத்தைப் பார்த்தேன். எனக்கு அப்போது பதினொரு வயது. கேபிள் வந்த புதிது. வெள்ளைக்காரப் பெண்ணுக்குள் பிசாசு புகுந்துகொள்ளும் படம், இந்தியில் பேசவைத்திருந்தார்கள். எங்களில் ஒருத்திக்கும் இந்தி தெரியாது.

சாமியார், டாக்டர், போலீஸ்காரர் மூவருக்கும் ஒரே ஆளின் குரல். பிசாசுக்கும் அதே ஆள்தான், தொண்டையைக் கொஞ்சம் கரகரப்பாக்கிக்கொண்டு பேசினார். அந்தப் பெண் வாயை மூடிய பிறகும் குரல் வந்துகொண்டே இருந்தது. சிநேகிதி வீட்டில் எல்லாரும் விழுந்து விழுந்து சிரித்தார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. மூடிய வாயிலிருந்து பேச்சு வந்தால் அது பிசாசு இல்லாமல் வேறென்ன? டப்பிங் என்ற சங்கதியை யார் எனக்குச் சொன்னார்கள்?

செவ்வாய்க்கிழமை நல்ல காய்ச்சல். மதியம் கண் விழித்தபோது அம்மா கட்டில் பக்கத்தில் இல்லை. கதவோரம் சுவரோடு ஒட்டி நின்றிருந்தாள். ஒரு கையில் ஜெபமாலை, இன்னொரு கையில் தீர்த்த பாட்டில். தண்ணீர் கேட்டேன். டம்ளரை ஸ்டூலில் வைத்துவிட்டுச் சட்டென்று பின்னால் போய்விட்டாள்.

தூக்கத்தில் நான் இந்தி பேசினேனாம். படிக்காத பாஷையைப் பேசுவதுதான் பிசாசு பிடித்ததற்கு முதல் அடையாளம் என்று ஜெபக் கூட்டத்தில் உபதேசியார் சொல்லியிருந்தார். அம்மாவுக்கு அது போதும். எனக்கும் போதும். கோயிலுக்கென்று பொய் சொல்லிவிட்டுப் படம் பார்த்தவளுக்குள் புகாமல் அது வேறு யாருக்குள் புகும்? உண்மையைச் சொல்லிவிடலாம் என்று வாயைத் திறந்தேன். வேறு குரல் வந்துவிடுமோ என்று பயந்து மூடிக்கொண்டேன்.

எங்கள் கோயில் சாமியார் ஊரில் இல்லை. அம்மா பக்கத்து வீட்டு மாமாவை அழைத்து வந்தாள். மண்ணூர்பேட்டைக்காரர், வடக்கே ஒரு ஃபேக்டரியில் ஐந்து வருஷம் இருந்துவிட்டு மாற்றலாகி வந்தவர், இந்தி தெரியும். பிசாசு என்ன கேட்கிறது என்று தெரிந்தால் அதைக் கொடுத்து அனுப்பிவிடலாம் என்று அம்மா நினைத்தாள். அவர் நாற்காலி போட்டு உட்கார்ந்தார். நான் மறுபடி அசந்துபோய் என்னென்ன பிதற்றினேனோ, அவர் பேச்சுக் கேட்டுத்தான் விழித்தேன்.

"பிசாசும் இல்ல ஒண்ணும் இல்லம்மா. துணி தொவைக்கிற சோப்பு வெளம்பரத்த சொல்லிகினு கீது. எங்கயும் போய்டாதீங்க, படம் இன்னும் கீதுன்னு வேற சொல்லுது."

படத்துக்கு நடுவே அந்த விளம்பரம் பத்துத் தடவையாவது வந்திருக்கும். மாமா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார், வெளியே போன பிறகும் அவர் சிரிப்புக் கேட்டது. அம்மா சிரிக்கவில்லை. நான் ஞாயிற்றுக்கிழமை செய்ததையெல்லாம் அழுதுகொண்டே சொன்னேன். வந்தது என் குரல்தான். அம்மா அடிப்பாள் என்று காத்திருந்தேன். அடித்தாலாவது என்னைத் தொட்டிருப்பாள்.

கதவோரமே நின்றிருந்தவள், கடைசியில் கட்டில் ஓரத்தில் வந்து உட்கார்ந்தாள். காய்ச்சல் பார்க்க என் நெற்றிப் பக்கம் கையைக் கொண்டுவந்தாள். தொடுவதற்கு முன்னால் ஒருமுறை சிலுவை போட்டுக்கொண்டாள்.