சியூலான் அக்காவுக்குப் பள்ளிக்கூடம் திறக்கிறது

போன சனிக்கிழமை பில்லுண்ட் விமான நிலையத்தில் நின்று அழுதேன். விம்மலெல்லாம் இல்லை... கண் மட்டும்தான். ஆனாலும் என் கணவர் கண்டுபிடித்துவிட்டார்.

"ஏனப்பா அழுறீர்? போறது உம்மட சொந்தக்காரியே?"

இல்லை. போனவர் சீனாவின் ஏதோ ஒரு சிறு நகரத்துக்காரி. வயது அறுபத்துமூன்று. அவருடைய மொழியில் எனக்கு இரண்டு சொல் தெரியும். என்னுடைய மொழியில் அவருக்கு ஒன்று: "ஓம்". பழக்கமும் இரண்டு மாதம்தான். இதற்கெல்லாம் அழுவார்களா?

அழுவார்கள். ஏன் என்று சொல்கிறேன்.

ஹோர்சன்ஸ் என்ற டேனிஷ் நகரில் எங்கள் ஃப்ளாட்டுக்கு மேல் மாடியில் வென் இருக்கிறாள். என்ஜினியர். கணவர் ஜுன்னும் என்ஜினியர்தான். எட்டு மாதப் பெண் குழந்தை. ஜூலை தொடக்கத்தில் வெனின் அம்மா பேத்தியைப் பார்க்க வந்து இறங்கினார். அவர்தான் சியூலான் அக்கா.

அவரை முதலில் கண்டது கீழ்த்தளத்தில் உள்ள பொதுச் சலவை அறையில். மெஷின் நின்றதை நான் கவனிக்கவில்லை. அவர் தன் போனில் ஏதோ பேசிவிட்டு என் பக்கம் நீட்டினார்; கீழ்வீட்டில் தமிழர் என்று வென் அதில் மொழிபெயர்ப்பை முன்பே போட்டுக் கொடுத்திருந்தாளாம். போன் கணீரென்று தமிழில் சொன்னது:

"அம்மணி, தங்கள் துணிகள் நிறைவு பெற்றுவிட்டன."

சிரித்தேன் பாருங்கள்... சீனமொழி உள்ளே போனால் செந்தமிழ் வெளியே வருகிறது! அன்றிலிருந்து நாங்கள் சிநேகிதிகள். அவர் ஆவியில் அவித்த பணியாரம் கொண்டு வருவார். நான் ஒரு நாள் இடியப்பம் கொடுத்தேன். கொஞ்ச நேரம் உற்றுப் பார்த்தார். பிறகு போன் கேட்டது: "இந்த நூடுல்ஸ் ஏன் வட்டமாக உறங்குகிறது?"

இப்படிச் சிரிப்பும் சாப்பாடுமாகப் போய்க்கொண்டிருந்தது. ஆகஸ்ட் நடுவில் ஒரு ஞாயிறு பின்னேரம் வென் எங்கள் கதவைத் தட்டினாள். கண் சிவந்திருந்தது. நாங்கள் டேனிஷில்தான் கதைப்போம். இங்கே எங்கள் தமிழில் எழுதுகிறேன்.

"ரதி, நீங்கள் ஒருக்கா வந்து அம்மாவோட கதையுங்கோ. ஒரு மாசம் கூட நிக்கச் சொல்லிக் கேட்டன். மாட்டன் எண்டு சொல்லுறா."

விஷயம் இதுதான். அக்காவின் டிக்கெட் ஆகஸ்ட் கடைசிக்கு. விசா இன்னும் ஒரு மாதம் இருக்கிறது. செப்டம்பரில் வென் வேலைக்குத் திரும்ப வேண்டும். குழந்தைக் காப்பகத்தில் இடம் ஒக்டோபரில்தான். நடுவில் ஒரேயொரு மாதம். பெற்ற தாய்க்கு ஒரு மாதம் நிற்க முடியாதா?

"ஏன் மாட்டாவாம்?"

"அங்கை அவவுக்குப் பள்ளிக்கூடம் திறக்குதாம்!"

எனக்குச் சிரிப்பதா வேண்டாமா என்று தெரியவில்லை. சீனா என்றவுடன் நமக்கு என்ன ஞாபகம் வரும்? தடித்த கண்ணாடியோடு விடிய விடியப் பாடமாக்கும் பிள்ளைகள்... வாழ்க்கையையே முடிவு செய்யும் ஒரு பரீட்சை... வாசலில் காத்திருக்கும் பெற்றோர். அங்கே அறுபத்துமூன்று வயதுக்காரிக்கு என்ன பள்ளிக்கூடம்?

வென் படியேறிக்கொண்டே சொன்னாள். ஓய்வு பெற்றவர்களுக்கு இப்போது அங்கே ஊர் ஊராகப் பள்ளி இருக்கிறதாம். பாட்டு, நடனம், போனில் படம் எடுப்பது எல்லாம் சொல்லிக் கொடுப்பார்களாம். இடம் கிடைப்பதுதான் கஷ்டமாம். அம்மா இரண்டு வருடம் காத்திருந்து சேர்ந்தவராம். முதல் மாதம் வராவிட்டால் அந்த இடம் அடுத்தவருக்குப் போய்விடும். அவர் படிக்கும் கட்டடம் முன்பு பாலர் பள்ளியாம். ஊரில் பிள்ளைகள் குறைந்துபோக, இப்போது அம்மம்மாமார் அந்தக் குட்டி வாஷ்பேசினில் குனிந்து கை கழுவுகிறார்களாம்.

"ஏதோ பொழுதுபோக்கு வகுப்பு. அதுக்காகப் பேத்தியை விட்டிட்டுப் போறதே?" என்றாள் வென்.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். அந்தப் படியில் ஏறும்போதே என் ஓட்டை வெனுக்குப் போட்டுவிட்டேன்.

மேலே சமையலறையில் சியூலான் அக்கா வெங்காயத்தாள் நறுக்கிக்கொண்டிருந்தார். ஜுன் மூலையில் குழந்தையை மடியில் வைத்திருந்தார். நான் டேனிஷில் தொடங்கினேன், வென் மொழிபெயர்த்தாள்.

"அக்கா, ஒரு மாசம்தானே. வகுப்புக்கு அடுத்த வருஷம் போகலாம். பிள்ளை பாவமெல்லோ?"

அக்கா கத்தியைக் கீழே வைக்காமலே மெதுவாகப் பதில் சொன்னார். வென் சுருக்கென்று ஏதோ திருப்பிச் சொன்னாள். பிறகு என் பக்கம் திரும்பித் தான் சொன்னதையே டேனிஷில் சொன்னாள்.

"எனக்கு அஞ்சு வயசில, தெற்கிலை சப்பாத்து ஃபக்டரிக்கு எண்டு என்னை விட்டிட்டுப் போனவ. அப்பா கட்டட வேலைக்கு வேறை ஊருக்குப் போயிட்டார். நான் மாமி வீட்டிலை. வருஷத்தில ஒருக்காத்தான் அம்மாவைக் காணுவன். அப்பவும் விட்டிட்டுப் போனீங்கள், இப்பவும் விட்டிட்டுப் போறீங்கள் எண்டு கேட்டன்."

அக்கா கத்தியை வைத்தார். கையைத் துடைத்தார். உட்கார்ந்து பேசத் தொடங்கினார். வென் மொழிபெயர்த்தாள்.

நான்கு பிள்ளைகளில் மூத்தவர் அக்கா. இரண்டு வருடம் பள்ளிக்குப் போனார். பிறகு தம்பிமாரின் முறை. அவர் பன்றிகளுக்குப் புல்லு வெட்டப் போனார். படித்த கொஞ்ச எழுத்தும் மறந்து போயிற்று. தன் மகளுக்கு அப்படி நடக்கக் கூடாது என்றுதான் ரயிலேறித் தெற்கே போனார்.

"அது எனக்குத் தெரியும்," என்று நடுவில் வென் சொன்னாள், என்னிடம். "ஆனால் நான் மாசம் மாசம் கடிதம் போட்டன். ஒண்டுக்கும் பதில் வரேல்லை. காசு மட்டும்தான் வந்தது."

அதையே அம்மாவிடமும் கேட்டாள் போலிருக்கிறது. அக்கா நீண்ட நேரம் பேசினார். வென் மொழிபெயர்க்கத் தொடங்கினாள்... "ஃபக்டரி விடுதியில பக்கத்துக் கட்டிலில ஒரு பிள்ளை இருந்ததாம். அவள்தான் என்ர கடிதங்களை வாசிச்சுக் காட்டுறவளாம். ஒவ்வொண்டையும் மூண்டு தரம் வாசிக்கச் சொல்லிப் பாடமாக்குவாவாம். பதில் எழுதித் தாவெண்டு கேக்க வெக்கமாம். அந்தப் பிள்ளை வேலையை விட்டுப் போனாப் பிறகு, இன்னொருத்தியிட்டை குடுக்க அவள் சிரிச்சாளாம். அதுக்குப் பிறகு ஒருத்தரிட்டையும் குடுக்கேல்லையாம். ஒரு வருஷக் கடிதம் திறக்காமலே..."

அங்கே நின்றுவிட்டாள். அம்மாவுக்குப் படிப்பு குறைவு என்பது அவளுக்குத் தெரியும். எழுத்தே தெரியாது என்பது தெரியாது. வருடத்துக்கு ஒரு முறை பார்க்கும்போது அம்மா அதை மறைத்துவிட்டார். பிறகு போன் வந்துவிட்டது, எழுத்து தேவைப்படவில்லை.

வென் இனி மொழிபெயர்க்க மாட்டாள் என்று தெரிந்தது. சியூலான் அக்கா போனை எடுத்தார். பேசினார். என் பக்கம் வைத்தார். அதே செய்தி வாசிக்கும் குரல்... அன்றைக்கு எனக்குச் சிரிப்பு வரவில்லை.

"நான் கற்பது பொழுதுபோக்கு அல்ல. வாசிக்கக் கற்றேன். சென்ற குளிர்காலத்தில் அக்கடிதங்களைத் திறந்து நானே வாசித்தேன். ஒன்றில் மகள் தனது பல் விழுந்ததாக எழுதியுள்ளாள். மற்றொன்றில், அம்மா, நான் கடிதம் எழுதுவது உங்களுக்குப் பிடிக்கவில்லையா என்று வினவியுள்ளாள்."

அக்கா மறுபடி பேசினார்.

"இவ்வாண்டு எழுதும் வகுப்பு. அவளுக்கு விடை எழுத வேண்டும். நான் மிகவும் தாமதித்துவிட்டேன், அம்மணி."

வெனுக்குத் தமிழ் தெரியாது. ஆனால் அம்மா போனில் பேசிய சீனம் தெரியுமே! மேசையில் தலையைக் கவிழ்த்துவிட்டாள். அக்கா எழுந்து போய் அவள் முதுகைத் தடவினார். நான் என்ன செய்வது? மிச்ச வெங்காயத்தாளை நறுக்கினேன். கண்ணீருக்கு ஒரு காரணம் வேண்டுமே.

அப்போது மூலையிலிருந்து ஒரு குரல்.

"என்ர லீவு இருக்குதெல்லோ?"

ஜுன்! அவர் அந்த அறையில் இருப்பதையே நாங்கள் மூன்று பெண்களும் மறந்திருந்தோம். இந்த நாட்டில் தகப்பனுக்கென்றே சட்டப்படி சில வாரங்கள் பிள்ளை லீவு இருக்கிறது. பிள்ளைக்கு ஒரு வயது ஆகுமுன் எடுக்காவிட்டால் போய்விடும். மாமியார்தான் வந்திருக்கிறாரே என்று அவர் அதைத் தொடவேயில்லை. கேட்கவும் ஒருவருக்கும் தோன்றவில்லை. ஒரு மாதத்துக்கு யார் பிள்ளையைப் பார்ப்பது என்று இரண்டு கிழமையாக வீடே கொந்தளித்தது — பிள்ளை தகப்பன் மடியில் இருந்தபடியே!

அலுவலகத்தில் சமாளித்து, செப்டம்பர் முழுக்க லீவு வாங்கிவிட்டார். அக்கா குறித்த நாளில் புறப்பட்டார். வழியனுப்ப எங்கள் காரிலும் போனோம். வென் அம்மாவைக் கட்டிப்பிடித்துச் சொன்னதை எனக்காக டேனிஷிலும் சொன்னாள்: "ஹோம்வேர்க்கை ஒழுங்காச் செய்யுங்கோ அம்மா எண்டு சொன்னன்."

என் கண் நிறைந்தது அப்போதுதான். வெனுக்காக மட்டும் இல்லை.

வாசகர்களுக்கு இதுவரை நான் சொல்லாத ஒன்று இருக்கிறது. இருபத்தொன்பது வருடமாக இங்கே இருக்கிறேன். முதியோர் இல்லத்தின் சமையலறையில் வேலை. டேனிஷ் பேசுவேன், சண்டையும் பிடிப்பேன். ஆனால் எழுத? மேலதிகாரிக்கு நாலு வரி ஈமெயில் என்றாலும், முதலில் தலைநகருக்குப் பக்கத்தில் ஹ்விடோவ்ரேயில் இருக்கும் மகள் ஆரணிக்கு அனுப்புவேன். அவள் திருத்தி அனுப்பியதைத்தான் அவருக்கு அனுப்புவேன். வாராவாரம் உங்களுக்குப் பத்தி எழுதும் அதே ரதிதான்!

ஜூனில் ஒருவருக்கும் சொல்லாமல் பெரியவர்களுக்கான டேனிஷ் எழுத்து வகுப்புக்கு விண்ணப்பித்தேன். இடமும் கிடைத்தது. அடுத்த கிழமையே ஆரணி போன் எடுத்து, வழக்கம்போல் டேனிஷில் சொன்னாள்: "அம்மா, நவம்பரிலை பிள்ளை பிறந்ததும் ஆறு மாசம் வந்து நில்லுங்கோ." ஓம் என்றேன். யோசிக்கக்கூட இல்லை. வகுப்பைப் பற்றி மூச்சும் விடவில்லை. எந்த அம்மாவாவது மகளிடம் "எனக்குப் பள்ளிக்கூடம் இருக்கு" என்று சொல்வாளா?

சொல்வாள் என்று சியூலான் அக்கா காட்டிவிட்டுப் போனார். அதற்குத்தான் இந்த நன்றி. ஒரு மொழியும் பொதுவாக இல்லாத ஒருவர் எனக்காகக் கதவொன்றைத் திறந்து வைத்தாரே... இந்த வயதில் போய் உட்கார ஒரு வகுப்பு வைத்திருக்கும் இந்த நாட்டுக்கும் சேர்த்துத்தான்.

விமான நிலையக் கார் பார்க்கிலிருந்தே ஆரணிக்குப் போன் அடித்தேன்.

"ஆரணி, பிள்ளை பிறந்த உடனை மூண்டு கிழமை லீவு எடுத்து வாறன். பிறகு சனி, ஞாயிறிலை வாறன். ஆறு மாசம் ஏலாது. எனக்கு... எனக்குப் பள்ளிக்கூடம்."

எப்போதும் டேனிஷில் பதில் சொல்லும் என் மகள் தமிழில் கேட்டாள்:

"ஏனம்மா இதை முதலே சொல்லேல்லை?"

"நீ கோவிப்பாய் எண்டு..."

"நான் ஏன் கோவிக்கிறன்? நல்ல விஷயமெல்லோ!" என்றாள். குரல் கொஞ்சம் உடைந்திருந்தது. "இவரையும் கூட லீவு எடுக்கச் சொல்லுறன். நீங்கள் போங்கோ அம்மா."

பக்கத்தில் ஸ்டியரிங்கைப் பிடித்தபடி என் கணவர் கேட்டார்: "அப்ப வகுப்பு நாளிலை சமையல்?" நான் திரும்பிப் பார்த்தேன். "சரி, சரி... நான் பாக்கிறன்," என்றார்.

வகுப்பு நாளை மறுதினம் தொடங்குகிறது. ஒரேயொரு சந்தேகம். ஐம்பத்தாறு வயதில் ஒருத்தி ஹோம்வேர்க் செய்யாமல் போனால், வீட்டிலிருந்து யாரைக் கூட்டிவரச் சொல்வார்கள்?