கடைசி இராவுணவு மேசையின் மீன்

மன்னார்த் தீவில் எங்கள் பக்கத்துக் கத்தோலிக்க வீடுகளில் சாப்பாட்டு மேசைக்கு நேரே ஆண்டவரின் கடைசி இராவுணவுப் படம் தொங்கும். மேசை இல்லாத வீட்டிலும் படம் தொங்கும். புது வீடு குடிபுகுந்தால் அதைத்தான் பரிசாகக் கொடுப்பார்கள். எங்களுக்கு மூன்று வந்தன. பஸ் நிலையத்தடியில் கண்ணாடி போட்டு, சுற்றிலும் கலர் பல்பு பூட்டி அவற்றை விற்றவர் தாராபுரத்து முஸ்லிம் வியாபாரி, நாங்கள் நானா என்று கூப்பிடும் ஒருவர். வரைந்தவர் யாரென்று எவரும் கேட்டதில்லை. அப்போஸ்தலர்களின் முகங்களைப் பார்த்ததாகவும் ஞாபகமில்லை. கடல் தொழில் செய்கிறவர்களுக்குக் கண் நேரே தட்டுக்குத்தான் போகும்.

தட்டில் இருப்பது ஓரா மீன் என்றார் பெரிய மாமா, அம்மாவின் அண்ணன். விளைமீன் என்றார் அப்பா. அச்சடித்தவன் நகமளவு இடத்தில் சாம்பல் நிறத்தில் எதையோ இழுத்துவிட்டிருந்தான், அவ்வளவுதான். ஆண்டவரின் அந்த இராவுணவை நினைவுகூரும் பெரிய வியாழன் இரவு படத்திலுள்ள மீனையே சமைக்க வேண்டும் என்பது எங்கள் குடும்ப வழக்கம். அம்மா பாவம், இரண்டையும் சமைப்பார். ஒரு வருடம் சந்தைக்குப் போன அப்பா விளைமீனோடு மட்டும் திரும்பினார். ஓரா கிடைக்கவில்லையாம்.

"வேணுமெண்டுதான் வாங்கேல்லை" என்று மாமா எழும்பிப் போனார். அதன்பிறகு எங்கள் வீட்டில் அவர் கை நனைக்கவில்லை. ஒரே வள்ளத்தில் தொழிலுக்குப் போன இருவருக்கும் பேச்சுமில்லை. பெரிய வியாழன் வந்தால் அம்மா அழுவார். எனக்கு இரண்டு பேர் மீதும் கோபம்தான் வந்தது.

பிறகு நான் வேலைக்கு இத்தாலி போனேன். அசல் ஓவியம் அங்கே ஒரு மடத்துச் சாப்பாட்டறைச் சுவரில் இருப்பதாக அறிந்த அப்பா, என்ன மீனென்று பார்த்துச் சொல்லும்படி போனில் கேட்டார். டிக்கெட் எடுத்து, வரிசையில் நின்று உள்ளே போனேன். எங்கள் படத்தில் ஆண்டவரின் கன்னம் நல்ல ரோஸ் நிறம். இங்கே எல்லாம் மங்கிக் கிடந்தது, பல்பும் இல்லை. உண்மையைச் சொன்னால், நானா விற்ற படம்தான் வடிவு.

அன்றே அப்பாவுக்குப் போன் எடுத்தேன்.

"மீன் ஒண்டும் விளங்கேல்லை அப்பா. நிறமெல்லாம் கொட்டுண்டு போச்சு."

"வடிவாப் பாத்தனியோ?"

"ஓம்."

அப்பா போனைக் கையில் வைத்தபடியே அம்மாவிடம் சொன்னது எனக்குத் தெளிவாகக் கேட்டது.

"உம்மட அண்ணரைச் சாப்பிட வரச்சொல்லும். பிள்ளை போய்ப் பாத்ததாம். ஓராதானாம்."