பருப்பு செக்‌ஷனுக்கு ஒரு மருமகள்

போன வியாழக்கிழமை நடந்தவை, வரிசைப்படி:

1. சிங்காநல்லூரில் டவுன் பஸ் ஏறி காந்திபுரம் போனேன். கையில் பயோடேட்டா. எலெக்ட்ரானிக் டைப்ரைட்டரில் அடித்தது.

2. புதிதாகத் திறந்திருக்கும் ஒரு மளிகை டிபார்ட்மென்டல் ஸ்டோரில், 'விற்பனைப் பெண்கள் தேவை' என்ற போர்டைப் பார்த்து இன்டர்வியூவுக்கு உட்கார்ந்தேன்.

3. முதலாளி ஒரே கேள்வியைப் பல விதமாகக் கேட்டார்.

4. காபி வந்தது. மிக்சர் வந்தது. மைசூர்பாகு வந்தது. கடைசியில் முதலாளியின் மனைவியே வந்துவிட்டார்.

5. கடைக்கு மேல் மாடியில் அவர்கள் வீடு. அங்கே இலை போட்டு மதியச் சாப்பாடு.

6. என் தலையில் ஒரு முழம் மல்லிகை.

7. வேலை கிடையாது.

இவ்வளவு உபசாரத்தோடு யாராவது வேலை இல்லை என்று சொல்லி நீங்கள் கேட்டதுண்டா? எங்கள் ஊரில் சொல்வார்கள். மரியாதைக்குப் பேர் போன ஊர்.

வாராவாரம் இந்தப் பத்தியைப் படிக்கிறவர்களுக்கு என் நிலைமை தெரியும். புதிதாக வந்தவர்களுக்குச் சுருக்கமாக... அப்பா மில்லில் ஃபிட்டர். மில் மூடிவிட்டது. நான் பாலிடெக்னிக்கில் எலெக்ட்ரானிக்ஸ் டிப்ளமோ, முதல் வகுப்பு. டிவி ரிப்பேர் கடையில் "பொம்பளப் புள்ளைய வெச்சா கஸ்டமர் நம்ப மாட்டாங்க" என்றார்கள். மெஷின் கம்பெனியில் "நைட் ஷிப்டுக்கு ஆகாதுங்க" என்றார்கள். இந்தப் பத்தி எழுதிக் கிடைப்பது பஸ்ஸுக்கும் பேனாவுக்கும் சரியாகப் போகிறது.

இதற்கு நடுவில் பொள்ளாச்சியிலிருந்து ஒரு ஜாதகம். தென்னந்தோப்பு, கொப்பரைக் களம், டிராக்டர், அவற்றோடு ஒரு மாப்பிள்ளை. அப்பா நேர்மையானவர். என்னிடம் நேராகவே பேசினார்.

"தை பொறக்கற வரைக்கும் பாரு கண்ணு. வேலை கெடச்சா போ. கெடைக்கலைன்னா பொள்ளாச்சிக்குச் சரின்னு சொல்லிப்போடறேன்."

இப்போது கார்த்திகை. காந்திபுரம் பஸ்ஸில் நான் ஏன் அவ்வளவு விறைப்பாக உட்கார்ந்திருந்தேன் என்று புரிகிறதா?

கடையில் எனக்கு முன்னால் ஒரு பெண் காத்திருந்தாள். பெயர் செல்வி. வால்பாறைக்காரி, அப்பா அம்மா இரண்டு பேரும் தேயிலை எஸ்டேட்டில் வேலை. பிளஸ் டூ முடித்துவிட்டு இங்கே சித்தி வீட்டில் தங்கியிருக்கிறாள். முதலில் அவளைத்தான் கூப்பிட்டார்கள். கண்ணாடித் தடுப்புதான், உள்ளே பேசுவது வெளியே நன்றாகக் கேட்டது.

"எந்த ஊருங்க அம்மணி?"

"வால்பாறை சார்."

"அது இருக்கட்டுமுங்க. பூர்வீகம்?"

"தெரியாது சார். தாத்தா காலத்துலயே எஸ்டேட்டுக்கு வந்துட்டாங்க."

"குலதெய்வம் எங்கீங்க?"

"எஸ்டேட்லயே ஒரு மாரியம்மன் கோயில் இருக்கு சார்."

பிறகு மிகவும் இனிமையான குரலில், "சரீங்க அம்மணி, சொல்லி அனுப்பறோம்" என்றார்.

சாதி என்ன என்று நேராகக் கேட்பது எங்கள் பக்கத்தில் மரியாதை இல்லை. அதனால் கோயில் எங்கே என்று கேட்பார்கள். பக்தி என்று நீங்கள் நினைத்துக்கொள்ள வேண்டும். அந்தப் பெண்ணிடம் மூன்றே கேள்விகள். நிற்க முடியுமா, கூட்டல் கணக்கு வருமா, சம்பளம் எவ்வளவு எதிர்பார்க்கிறாய்... ஊஹூம். ஒன்றுமில்லை.

அடுத்தது நான். முதலாளிக்கு ஐம்பது வயது இருக்கும். வெள்ளைச் சட்டை, பையில் இரண்டு பேனா. பயோடேட்டாவை வாங்கினார். படிக்கவில்லை. தூசி தட்டுவதுபோல இரண்டு தட்டுத் தட்டி மேஜையில் வைத்தார்.

"யாரு சொல்லி வந்தீங்க அம்மணி?"

"போர்டு பாத்து வந்தேனுங்க."

"அது செரி. யாரு சொல்லி?"

போர்டு சொல்லி வந்தேன் என்று எப்படிச் சொல்வது? ஊர் கேட்டார். அப்பா ஊர், அம்மா ஊர், அம்மாவைப் பெற்றவர்கள் ஊர், குலதெய்வம் இருக்கிற ஊர் என்று வரிசையாகக் கேட்டார். காங்கேயம் பக்கம் ஒரு பெயரைச் சொன்னார். தெரியாது என்றேன். பெருந்துறைப் பக்கம் இன்னொரு பெயர். அதுவும் தெரியாது. மனிதர் சோர்ந்துபோனார். உண்மையிலேயே எனக்கு உதவத்தான் பார்க்கிறார் என்று அப்போதுதான் உறைத்தது. சொந்தம் ஏதாவது தட்டுப்பட்டால் என்னை நம்பலாம். தட்டுப்படாவிட்டால் நான் கல்லாவைத் தூக்கிக்கொண்டு ஓடிவிடுவேன். அவ்வளவுதான் அவர் இன்டர்வியூ.

"எலெக்ட்ரானிக் தராசு, பில் மெஷின் எல்லாம் எனக்கு நல்லாத் தெரியுமுங்க. பயோடேட்டாவுல இருக்குதுங்க" என்று இடையில் ஒரு முறை சொல்லிப் பார்த்தேன்.

"அதெல்லாம் கத்துக்கலாமுங்க" என்றார். என் மூன்று வருடப் படிப்பு ஐந்து விநாடியில் முடிந்தது. "ஜாதகம் ஏதாச்சும் வந்திருக்குதுங்களா?"

இந்த இடத்தில்தான் நான் வாயை மூடிக்கொண்டு இருந்திருக்க வேண்டும். உண்மையைச் சொல்லி வளர்ந்த வாய். "பொள்ளாச்சிப் பக்கம் ஒண்ணு வந்திருக்குதுங்க" என்றேன்.

எந்தப் பக்கம்? நெகமம் ரோடு. தோப்புக்காரரா? ஆமாம். டிராக்டர் வைத்திருக்கிறார்களா? ஆமாம். பையனுக்கு ஒரு தங்கையா? ஆமாம்...

முதலாளி நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார்.

"அட கண்ணு! என்ற பங்காளி பையனல்லோ அவன்! எனக்கு மகன் மொறை. அப்பிடிப் பாத்தா நீ எனக்கு மருமக! டேய், காபி கொண்டா! ஏனுங்க..." - இது மாடியைப் பார்த்து மனைவிக்கு - "இங்க வந்து பாருங்க, யாரு வந்திருக்குதுன்னு!"

"இல்லீங்க... ஜாதகம்தான் வந்திருக்குதுங்க. இன்னும் பொருத்தம்கூடப் பாக்கலீங்க."

"அதெல்லாம் பொருந்திப்போடும். மாமான்னு கூப்புடு."

மிக்சர் தட்டை எதன் மேல் வைத்தார்கள் தெரியுமா? என் பயோடேட்டாவின் மேல். 'கல்வித் தகுதி' என்ற இடத்தில் எண்ணெய் வட்டமாக இறங்கியதைப் பார்த்துக்கொண்டே மைசூர்பாகு சாப்பிட்டேன். நல்ல மைசூர்பாகு. அதைக் குறை சொல்ல மாட்டேன்.

மாடிக்குக் கூட்டிக்கொண்டு போனார்கள். இலை போட்டார்கள். முதலாளியின் மனைவி, அதாவது இப்போது என் அத்தையம்மா, என் முழங்கை வரைக்கும் தடவிப் பார்த்து, "புள்ளை கொஞ்சம் இளைச்சாப்புல இருக்குதுங்க" என்று கணவரிடம் ரிப்போர்ட் கொடுத்தார். ரசத்துக்கு வந்தபோது நானே பேச்சை எடுத்தேன்.

"மாமா, வேலை எப்பத்திலிருந்துங்க?"

அந்த வீடே நின்றுவிட்டது. மின்விசிறிகூட மெதுவாகச் சுற்றிய மாதிரி இருந்தது.

"என்ன கண்ணு பேசற? நீ நம்ம ஊட்டு மருமக. உன்னையக் கொண்டுபோயிப் பருப்பு மூட்டைக்கு முன்னால நிக்க வெச்சா, நாலு பேரு என்னையத் துப்ப மாட்டாங்களா?"

"அப்ப வேற யாரை வெப்பீங்க மாமா?"

"அதான் கண்ணு ஆளே கெடைக்கறதில்ல" என்று நிஜமான வருத்தத்துடன் சொன்னார். "தெரியாத புள்ளைகளை நம்பி எப்பிடி வெக்கறது? கடை தொறந்ததுலருந்து அத்தையும் நானும்தான் ஓடிக்கிட்டுக் கெடக்கறோம்."

கேட்டுக்கொண்டீர்களா? தெரியாத பெண் என்றால் நம்ப முடியாது. தெரிந்த பெண் என்றால் நிற்க வைக்க முடியாது. இந்த இரண்டில் ஒன்றாக இல்லாத பெண்ணுக்குத்தான் அந்த போர்டு. அப்படி ஒருத்தி பிறந்துவிட்டாளா என்று எனக்குத் தெரியவில்லை. ஒரு நூல் அளவு பிசகினாலும் பம்ப்செட்டைத் திருப்பி அனுப்புகிற ஊர் இது. இரும்பை மைக்ரோமீட்டர் வைத்து அளக்கிறோம். ஆளை மட்டும் குலதெய்வத்தை வைத்து அளக்கிறோம்.

அத்தையம்மா பூ வைத்துவிட்டார். ஒரு பையில் சர்க்கரையும் ஆப்பிளும் கொடுத்தார். "இன்டர்வியூவுக்கு வந்தேன்னு வெளியில சொல்லாத கண்ணு. பொள்ளாச்சிக்குத் தெரிஞ்சா நல்லாருக்காது" என்றார் மாமா. நான் பத்தி எழுதுகிறவளா என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன். ஆனாலும் கடைப் பேரை நான் எழுதவில்லை பாருங்கள். உண்ட வீடு.

கீழே இறங்கி, மேஜையிலிருந்த பயோடேட்டாவை எடுத்துக்கொண்டு வெளியே வந்தால், கடைப் படியில் செல்வி உட்கார்ந்திருந்தாள்!

"இன்னும் போகலையா?"

"சொல்லி அனுப்புறோம்னாங்கக்கா. அதான் யாராச்சும் வந்து சொல்லுவாங்கன்னு உக்காந்திருக்கேன்."

மலையிலிருந்து வந்த பெண். எங்கள் ஊரின் 'சொல்லி அனுப்பறோம்' அவளுக்குப் பழக்கமில்லை. வெயில் முகத்தில் அடிக்க, ஒரு பதிலுக்காக அத்தனை நேரம் உட்கார்ந்திருக்கிறாள். மாடியில் நான் இரண்டாம் முறை பாயசம் வாங்கிக்கொண்டிருந்த நேரம் அது.

"அவங்க கூப்பிட மாட்டாங்க செல்வி. கூப்பிடறதா இருந்தா இவ்வளவு மரியாதையாப் பேச மாட்டாங்க."

என்னை மேலும் கீழும் பார்த்தாள். பூ, ஆப்பிள், சர்க்கரை.

"உங்களுக்குக் கெடச்சிருச்சாக்கா?"

"எனக்கும் இல்லை."

"அப்ப எதுக்குப் பூவு?"

பையிலிருந்து ஆப்பிளை எடுத்து நீட்டினேன். ஆளுக்கு ஒரு ஆப்பிள் தின்றோம். தின்றுகொண்டே அவள்தான் சொன்னாள். டவுன்ஹாலைத் தாண்டி ஒரு பாய் கடை, மொத்தமும் சில்லறையுமாக மளிகை, அங்கேயும் ஆள் வேண்டும் என்று போர்டு தொங்குகிறதாம். தனியாகப் போகத் தயக்கமாக இருந்ததாம். சேர்ந்து போனோம்.

பாய்க்கு வெள்ளைத் தாடி. கால்குலேட்டரில் கணக்குப் போட்டபடியே நிமிராமல் கேட்டார்.

"யாரு சொல்லி வந்தீங்கம்மா?"

ஐயோ, இங்கேயுமா! "போர்டு பாத்துங்க" என்றேன் பலவீனமாக.

நிமிர்ந்தார். "போர்டைப் பாத்தா? அது ஆடி மாசத்துலருந்து தொங்குதும்மா. வர்றவன் எல்லாம் மாமன் மச்சான் பேரைச் சொல்லிக்கிட்டுத்தான் வர்றான். போர்டைப் படிச்சு வந்தது நீங்கதான் மொத ஆளு." சிரித்தார். "அப்பா என்னம்மா பண்றாரு?"

மறுபடியும் பொள்ளாச்சி வரை போய்விடுமோ?

"மில்லுல ஃபிட்டருங்க."

"எந்த மில்லு?"

"மூடின மில்லுங்க."

"எல்லாம்தானேம்மா மூடிக் கெடக்குது" என்றார். அத்துடன் விட்டுவிட்டார். பயோடேட்டாவை வாங்கி முழுக்கப் படித்தார். எண்ணெய் வட்டத்தை விரலால் தொட்டு, மோந்து பார்த்து, "மிக்சரா?" என்றார். "மளிகைக் கடைக்குப் பொருத்தமான காயிதம்தான். காலைல எட்டரைக்கு வரணும். நாள் முச்சூடும் நிக்கணும். முடியுமா?"

"முடியுமுங்க."

செல்வியைப் பார்த்தார். "நீ?"

"தேயிலைக் கூடையோட நின்ன குடும்பம் சார்."

"அப்ப சோப்பு செக்‌ஷன் உனக்கு லேசு. ஒண்ணாந்தேதி வந்துருங்க. தராசு தெரிஞ்ச பொண்ணு பருப்புல நிக்கட்டும்."

மொத்த இன்டர்வியூவும் ஒரு டீ ஆறுகிற நேரம். டீ வாங்கித் தரவில்லை. அதை நான் பாராட்டாகவே எடுத்துக்கொண்டேன்.

வீட்டில் சொன்னேன். அப்பா ஒன்றும் பேசவில்லை. ஆனால் நாலு பேர் பேசினார்கள். காந்திபுரத்து மாமாவுக்கு எப்படியோ தெரிந்து, பக்கத்து வீட்டு போனுக்குக் கூப்பிட்டு அப்பாவிடம், "மருமகப் புள்ளை பருப்புக் கடையில நிக்கப் போகுதாமா? நாங்கெல்லாம் எதுக்கு இருக்கறோமுங்க?" என்று கேட்டார். எதற்கு இருக்கிறார்கள் என்று எனக்கும் தெரிந்துகொள்ள ஆசைதான்.

ஞாயிற்றுக்கிழமை கல்யாணத் தரகர் வந்தார். வாசலிலேயே நின்று, நாங்கள் கொடுத்திருந்த என் ஜாதகத்தைத் திருப்பிக் கொடுத்தார்.

"பையன் ஊட்ல ஒண்ணும் தப்பாச் சொல்லலீங்க. பொருத்தம்தான் சேரலீங்களாமா."

வியாழக்கிழமை மைசூர்பாகு நேரத்தில் பொருந்திப்போட்ட அதே கிரகங்கள்! மூன்றே நாளில், பருப்பு வாசனை பட்டதும் பின்வாங்கிவிட்டன.

தரகர் போன பிறகு அப்பா ஜாதகத்தை உள்ளே கொண்டுபோய் வைத்துவிட்டு வந்தார். திட்டப் போகிறார் என்று காத்திருந்தேன்.

"கடையில உக்கார ஸ்டூல் குடுப்பாங்களா கண்ணு?"

"இல்லீங்கப்பா. நிக்கோணும்."

"மில்லுலயும் குடுக்கலை" என்றார். கொஞ்சம் கழித்து, "ரப்பர் செருப்பு வாங்கிக்கோ. தோல் செருப்பு கடிக்கும்" என்றார்.

இன்றைய நிலவரம்: ஒன்றாம் தேதியிலிருந்து நான் பருப்பு, செல்வி சோப்பு. ஜாதகம் பீரோவில். நேற்று பஸ்ஸில் காந்திபுரம் வழியாக வந்தேன். அந்த போர்டு இன்னும் தொங்குகிறது.